கையெழுத்துப் போடுமுன் படி

முதல் வேலைக்குக் கிளம்புகிற பெண்ணுக்கு எல்லோரும் தைரியம் சொல்வார்கள். தைரியம் உன்னிடம் இருக்கிறது, கண்ணு. இல்லாமலா நேர்காணலைத் தாண்டி வந்தாய்? நான் அலுவலகத்தில் ஊழியர் கோப்புகளைக் கட்டிக்கொண்டே காலம் கழித்தவள். ஒரு பெண்ணின் உழைப்பு எங்கே பதிவாகிறது, எங்கே நழுவுகிறது என்று அந்தக் காகிதங்களில்தான் பார்த்தேன். அதனால் என் புத்திமதி கொஞ்சம் குமாஸ்தா வாடையோடுதான் இருக்கும். பொறுத்துக்கொள்.

1. நியமன ஆணையைக் கடைசி வரி வரை படி. ஆண்டுக்கு இவ்வளவு லட்சம் என்று பெரிய எழுத்தில் போட்டிருப்பார்கள். கம்பெனி கட்டுகிற பி.எஃப். பங்கும் கிராஜுவிட்டியும்கூட அதற்குள் அடங்கியிருக்கும். "மாசம் கைக்கு எவ்வளவு வரும் சார்?" என்று கேள். சோதனைக் காலம் எத்தனை மாதம், விலகினால் எத்தனை நாள் முன்னறிவிப்பு, பாண்ட் உண்டா என்றும் பார். அசல் சான்றிதழைக் கேட்டால் காட்டிவிட்டுத் திரும்ப வாங்கிக்கொள்.

2. அந்தக் காகிதத்தில் முன்பு என்னவெல்லாம் எழுதியிருந்தார்கள் என்று தெரிந்துகொள். 1951-ல் ஐ.ஏ.எஸ். தேர்வில் வென்றவர் அன்னா ராஜம். கேரளத்துப் பெண், மேற்படிப்பு சென்னையில். 'பெண்ணுக்கு வெளியுறவுப் பணிதான் பொருத்தம்' என்று நேர்காணலில் திசைதிருப்பப் பார்த்தார்கள். அவர் அசையவில்லை, சென்னை மாகாணத்தையே கேட்டு வாங்கினார். கைக்கு வந்த ஆணையில், கல்யாணம் செய்துகொண்டால் பணி முடிந்துவிடும் என்று ஒரு நிபந்தனை இருந்தது. முதலமைச்சர் ராஜாஜிக்கும் அவரைக் களத்துக்கு அனுப்பத் தயக்கம்; தலைமைச் செயலகத்தில் உட்கார வைக்க நினைத்தார். அன்னா வாதாடி ஓசூருக்கு சப்-கலெக்டராகப் போனார். பிற்காலத்தில் மும்பைக்கு அருகே நவசேவா துறைமுகம் அவர் பொறுப்பில் எழுந்தது.

பெண்களுக்குப் பொருத்தம் என்று சொன்னார்களே, அந்த வெளியுறவுப் பணியின் லட்சணம் என்ன? அங்கே முதலில் நுழைந்த பெண் குடகுக்காரரான சி.பி. முத்தம்மா. அவரும் சென்னையில் படித்தவர்தான். கல்யாணமானால் ராஜினாமா செய்வேன் என்று அவரிடம் எழுதி வாங்கிக்கொண்டுதான் சேர்த்தார்கள். 1970-ல் ஹங்கேரிக்குத் தூதரானார், இந்தியப் பெண் அதிகாரிகளில் முதல் தூதர். அப்படியும் அடுத்த பதவி உயர்வுக்குத் தகுதி போதாது என்றார்கள். உச்ச நீதிமன்றம் போனார். வழக்கு நடக்கும்போதே அரசு அவசரமாகப் பதவி உயர்வைக் கொடுத்துவிட்டது. 1979-ல் மனு தள்ளுபடியானது. ஆனால் நீதிபதி வி.ஆர். கிருஷ்ணய்யர் பெண்களுக்கு எதிரான விதிகளை வரிவரியாகக் கிழித்துவிட்டு, பணி விதிகளைத் திருத்தச் சொல்லித்தான் தள்ளுபடி செய்தார். தோற்றுப்போன வழக்கு என்று கோப்பில் இருக்கும். நான் அப்படிப் படிப்பதில்லை.

இன்று உன் ஆணையில் அந்த வரி இல்லை. வாய்வார்த்தையாக இன்னும் இருக்கிறது. "எப்பம்மா கல்யாணம்?" என்று நேர்காணலில் கேட்டால், "அது வேலையைப் பாதிக்காது சார், அடுத்த கேள்வி கேளுங்க" என்று சிரித்துக்கொண்டே சொல்.

3. ஏ.டி.எம். கார்டு உன் பையில் இருக்கட்டும். வீட்டுக்குக் கொடுப்பது உன் விருப்பம், கடமை என்றுகூட வைத்துக்கொள். ஆனால் கொடுக்கிற கை உன்னுடையதாக இருக்க வேண்டும். நல்ல பதவியில் இருக்கும் பெண்களே, "சம்பள அக்கவுன்ட் அவர்தான் பார்த்துக்கிறார்" என்று சொல்லிக் கேட்டிருக்கிறேன். அதைப் பெருமையாகச் சொல்வார்கள், அதுதான் எனக்கு வயிற்றெரிச்சல்.

4. பி.எஃப். பணம் கல்யாணச் செலவுக்கு அல்ல. இதை அழுத்திச் சொல்கிறேன், ஏனென்றால் எங்கள் பக்கம் அதை ஒரு சீர்வரிசைக் கணக்கில் சேர்த்துவிட்டார்கள். வேலையை விட்டவர்கள் பணம் எடுக்க இரண்டு மாதம் காத்திருக்க வேண்டும் என்றபோது, கல்யாணத்துக்காக விலகும் பெண்ணுக்கு மட்டும் காத்திருப்பு வேண்டாம் என்று விதியிலேயே நெடுங்காலம் எழுதியிருந்தது. எழுதியவர் மனதில் என்ன இருந்தது என்று யோசித்துப் பார். ஓய்வூதியம் வர மொத்தம் 10 வருஷச் சேவை வேண்டும். நடுவில் ஓய்வூதியப் பங்கையும் சேர்த்துத் துடைத்து எடுத்துவிட்டால், திரும்ப வேலைக்கு வரும்போது கணக்கு ஒன்றிலிருந்து தொடங்கும். பி.எஃப். கணக்குக்கான யு.ஏ.என். எண் ஒன்றே ஒன்றுதான்; கம்பெனி மாறினாலும் அதையே கொடு.

இன்னொன்று, பலருக்குத் தெரியாதது. கல்யாணத்துக்கு முன் போட்ட பி.எஃப். நாமினேஷன் கல்யாணத்தோடு செல்லாததாகிவிடும். புதிதாகப் போட வேண்டும். மண்டபம் பிடிக்க ஆறு மாதம் அலைகிறோம், இதற்கு அரை மணி நேரம் போதும்.

5. உட்கார். வேடிக்கையாகச் சொல்லவில்லை. துணிக்கடையில் காலை பத்து மணிக்கு நிற்கத் தொடங்கும் பெண், இரவு ஷட்டர் இறங்கும்வரை நிற்பாள். கோழிக்கோடு மிட்டாய்த் தெருவில் தையல் வேலை பார்த்த விஜி, கடைப் பெண்களைச் சேர்த்துக்கொண்டு முதலில் கழிப்பறை கேட்டார், பிறகு நாற்காலி கேட்டார். 2018-ல் கேரளத்தில் சட்டம் திருத்தப்பட்டது. 2021-ல் தமிழ்நாடும் கடைகள், நிறுவனங்கள் சட்டத்தைத் திருத்தி, ஊழியர்களுக்கு இருக்கை தர வேண்டும் என்று சொன்னது. நாற்காலி போட்டிருந்தும், உட்கார்ந்தால் சூப்பர்வைசர் முறைக்கிற கடைகள் உண்டு. நான்கு பேர் சேர்ந்து உட்காருங்கள், நால்வரையும் ஒரே நேரத்தில் முறைக்க முடியாது. தண்ணீர் குடிக்காமல் அடக்கி வைத்துக்கொள்ளும் பழக்கத்தையும் விடு.

6. தாம்பூலத் தட்டு ஏந்த, பூங்கொத்து கொடுக்க, கோலம் போட என்று எந்த விழாவிலும் உன்னைத்தான் தேடுவார்கள். ஒருமுறை செய், மறுமுறை "இந்தத் தடவை குமார் சார் கொடுக்கட்டுமே" என்று சொல்.

7. மார்ச் 8 அன்று ரோஜாப்பூ கொடுப்பார்கள். வாங்கிக்கொள், பூ என்ன பாவம் செய்தது? கையோடு, குழந்தைகள் காப்பகம் எங்கே என்று கேள். மகப்பேறு நலச் சட்டம் 1961-ல் வந்தது. 2017 திருத்தம்தான் விடுப்பை 12 வாரத்திலிருந்து 26 ஆக்கியது. முதல் இரண்டு குழந்தைகளுக்கு அது பொருந்தும். 50 பேரோ அதற்கு மேலோ வேலை செய்கிற இடத்தில் காப்பகம் வேண்டும், தாய் நாளுக்கு நான்கு முறை போய்ப் பார்க்கலாம் என்றும் அதே திருத்தம் சேர்த்தது. முந்தைய 12 மாதத்தில் 80 நாள் வேலை பார்த்திருந்தால் போதும், பேறுகாலச் சம்பளம் உண்டு. அந்த விடுப்பில் இருக்கும்போது வேலையை விட்டு நீக்குவது சட்ட விரோதம். விடுப்பை வாயால் கேட்காதே. கடிதத்தை மின்னஞ்சலில் அனுப்பி, பதில் வாங்கி வைத்துக்கொள்.

8. இரவு ஷிப்ட். தொழிற்சாலையில் இரவு ஏழு முதல் காலை ஆறு வரை பெண்ணுக்கு வேலை கூடாது என்றுதான் சட்டம் இருந்தது. 2000-ல் சென்னை உயர் நீதிமன்றம் அதை ரத்து செய்தது, பெண்களின் பாதுகாப்புக்கு நிபந்தனைகளும் விதித்தது. வீடுவரை வண்டி வருமா, இரவில் கேன்டீன் திறந்திருக்குமா, கூட எத்தனை பெண்கள் என்று முதலில் கேள். பதில் திருப்தி என்றால் தாராளமாகப் போ. வீட்டில் யார் முகம் சுளித்தாலும் இரண்டு வாரத்தில் பழகிவிடுவார்கள்.

9. எவனாவது எல்லை மீறினால், அன்றிரவே எழுது. தேதி, நேரம், இடம், அவன் சொன்ன வார்த்தை, பக்கத்தில் இருந்தவர்கள். புகார் கொடுக்க மூன்று மாதம் அவகாசம். தகுந்த காரணம் இருந்தால் இன்னும் மூன்று மாதம் நீட்டலாம். 10 பேர் வேலை செய்கிற இடத்தில் உள்ளகக் குழு இருக்க வேண்டும், தலைவர் பெண், உறுப்பினரில் பாதிக்குக் குறையாமல் பெண்கள், வெளியாள் ஒருவர். அதைவிடச் சின்ன இடமென்றாலோ, முதலாளி மீதே புகார் என்றாலோ, மாவட்டத்தில் உள்ளூர்க் குழு இருக்கிறது. வீட்டு வேலை செய்கிறவர்களும் அங்கே போகலாம்.

பணியிடத்தில் பாலியல் தொல்லைக்கு எதிராக 2013-ல் வந்த இந்தச் சட்டத்துக்கு வேர், ராஜஸ்தானில் பன்வாரி தேவி என்ற கிராமத்துப் பெண்மணி. அரசுத் திட்டத்தில் ஊழியர். குழந்தைத் திருமணத்தைத் தடுக்கப் போனதற்காக 1992-ல் அவரைக் கூட்டாக வன்புணர்ந்தார்கள். 1995-ல் கீழ் நீதிமன்றம் குற்றம் சாட்டப்பட்டவர்களை அந்தக் குற்றத்திலிருந்து விடுவித்தது. அந்தச் சம்பவத்தை முன்வைத்துப் பெண்கள் அமைப்புகள் தொடுத்த வழக்கில்தான் 1997-ல் உச்ச நீதிமன்றத்தின் விசாகா வழிகாட்டுதல் பிறந்தது. உனக்கும் எனக்கும் கிடைத்த பாதுகாப்புக்கு விலை கொடுத்தவர் அவர். அவருக்குக் கிடைத்தது என்ன என்று கேட்டால் என்னிடம் பதில் இல்லை.

10. உன் சம்பளத்தைப் பக்கத்து இருக்கைப் பெண்ணிடம் மறைக்காதே. சம வேலைக்குச் சம ஊதியம் என்று 1976-லேயே சட்டம் வந்துவிட்டது. யாருக்கு எவ்வளவு என்று தெரியாமல் சமமா இல்லையா என்று எப்படிக் கண்டுபிடிப்பாய்?

11. ஒருநாள் இந்த வேலையை விடுவாய், இதைவிட நல்ல இடத்துக்கு. ராஜினாமாவில் கோபத்தைக் கொட்டாதே, இரண்டு வரி போதும். விடுவிப்புக் கடிதம், அனுபவச் சான்றிதழ், ஃபார்ம் 16 மூன்றையும் கேட்டு வாங்கு. பி.எஃப். இணையதளத்தில் விலகிய தேதி ஏறியிருக்கிறதா பார். கம்பெனி ஏற்றாமல் இழுத்தடித்தால், இரண்டு மாதம் கழித்து நீயே ஏற்றிக்கொள்ளலாம், ஆதாரோடு இணைந்த போனுக்கு ஓ.டி.பி. வரும். அந்த எண் அப்பாவுடையதாக இருந்தால், இப்போதே மாற்றிவிடு.