வரி ரசீதும் வீட்டுப் பாத்தியதையும்

நகராட்சிப் பதிவேட்டில் தம் வீட்டின் சொத்துவரி பிறர் பெயருக்கு மாறிவிட்டதென்று கலங்கி, உயர் நீதிமன்றத்தில் ரிட் மனுத் தாக்கல் செய்ய விரைவோர், அப்பதிவு வரி வசூலுக்காக ஏற்பட்டதேயன்றி, அதனால் எவருக்கும் பாத்தியதை பிறப்பதுமில்லை, அழிவதுமில்லை என்று உச்ச நீதிமன்றம் பன்முறை தீர்ப்பளித்திருப்பதை முதலில் மனத்திற்கொள்ள வேண்டும். சாட்சிகளை விசாரித்து, தஸ்தாவேஜுகளை ஆராய்ந்து முடிவு காணவேண்டிய பாத்தியதைத் தகராற்றை ரிட் விசாரணையில் உயர் நீதிமன்றம் சாதாரணமாக ஏற்பதில்லை. அதற்குரிய இடம் சிவில் நீதிமன்றமே. அங்கே 1963-ஆம் ஆண்டுக் குறித்தவகை நிவாரணச் சட்டத்தின் 34-ஆம் பிரிவின்படி உரிமை விளம்புகை கோருகையில், சொத்து எதிரியின் சுவாதீனத்தில் இருக்குமானால், சுவாதீனத்தையும் சேர்த்தே கேட்பது அத்தியாவசியம். நியாயம் முழுதும் தம் பக்கமிருந்தும் இதை விட்டதனால் வழக்கிழந்தோர் உண்டென்பது வருந்தத்தக்கது. மூலப் பத்திரங்களையும் வில்லங்கச் சான்றையும் முன்னதாகவே சேகரித்துக்கொள்க. தீர்ப்பு கிடைத்தபின், அதன் சான்றிட்ட நகலுடன் விண்ணப்பித்து, நகராட்சிப் பதிவைத் திருத்திக்கொள்ளலாம்.