மகாராஜா அணியை மதராஸ் வென்ற கதை

கேள்வி: ஐயா, என் மாமனாருக்கு வயது எண்பதைத் தாண்டிவிட்டது. "ஒரு மகாராஜாவோட டீமையே ஜெயிச்சுத்தான் நம்ம மெட்ராஸ் முதல்ல ரஞ்சிக் கோப்பை வாங்குச்சு" என்று அடிக்கடி சொல்வார். அது நிஜமா? எங்கள் சேலம், நாமக்கல் பக்கத்து ஆட்கள் யாராவது அந்த அணியில் இருந்தார்களா? என் மகன் டென்னிஸ் பந்தில் நன்றாக வீசுகிறான். அதனால்தான் கேட்கிறேன்.
- வாசகர், ராசிபுரம்

பதில்: உங்கள் மாமனார் சொல்வது நூற்றுக்கு நூறு நிஜம். அது 1954-55 பருவம். எதிரணி இந்தூரின் ஹோல்கர். மகாராஜா யஷ்வந்த்ராவ் ஹோல்கரின் ஆதரவில் சி.கே. நாயுடு உருவாக்கிய அணி அது. 1944-45 தொடங்கி 11 பருவங்களில் 10 இறுதிப் போட்டிகள் ஆடி, நான்கு முறை கோப்பையைத் தூக்கியவர்கள். மதராஸோ அதற்கு முன் 1935-36இல் பம்பாயிடமும் 1940-41இல் மகாராஷ்டிராவிடமும் இறுதியில் தோற்றிருந்தது. அப்போதெல்லாம் ரஞ்சி முழுக்க நாக்-அவுட். ஒரு ஆட்டம் தோற்றால் அந்த வருடம் அவ்வளவுதான்.

பாலு அழகனன் தலைமையில் இந்தூருக்கே போய் ஆடினார்கள். மதராஸ் 478, 311; ஹோல்கர் 417, 326. மொத்தம் 1,532 ரன் குவிந்த ஆட்டத்தில் வெற்றி வித்தியாசம் வெறும் 46 ரன்! கோபிநாத் போன்ற டெஸ்ட் வீரர்களும் அணியில் இருந்தார்கள். ஆனாலும் அந்தப் பருவம் 21 வயது கிருபால் சிங்குடையது என்றுதான் சொல்வேன். திருவாங்கூர்-கொச்சிக்கு எதிராக 208. அரையிறுதியில் வங்காளத்துக்கு எதிராக 98, 97. கூடவே 18 ரன்னுக்கு 4 விக்கெட். இறுதியில் 75, 91, ஏழு விக்கெட். கடைசி இரண்டு ஆட்டங்களில் நான்கு இன்னிங்ஸும் சேர்த்து 361 ரன், ஆனால் ஒரு சதம்கூட இல்லை. தொண்ணூறைத் தாண்டி மூன்று முறை அவுட்டான பையனை நினைத்தால் எனக்கு இன்றும் மனசு அடித்துக்கொள்ளும். அந்தக் கடனை அதே 1955இல் ஹைதராபாத்தில் தீர்த்தார்: நியூசிலாந்துக்கு எதிரான முதல் டெஸ்டிலேயே ஆட்டமிழக்காமல் 100.

அவருடைய அப்பா ராம் சிங்கையும் சொல்லியாக வேண்டும். 1934இல் சேப்பாக்கத்தில் நடந்த ரஞ்சியின் முதல் ஆட்டத்தில் மைசூருக்கு எதிராக 11 விக்கெட் எடுத்தவர் அவர். ஒரே நாளில் முடிந்துபோன ஆட்டம் அது. அவ்வளவு திறமை இருந்தும் அவருக்கு டெஸ்ட் வாய்ப்பு வரவே இல்லை. மகன்கள் கிருபால், மில்கா இருவரும் இந்தியாவுக்கு ஆடினார்கள்.

ஹோல்கர் அணிக்கு அந்த 1954-55தான் கடைசிப் பருவம். நமக்கு அடுத்த கோப்பை கிடைக்க 1987-88 வரை, வாசுதேவன் தலைமை வரை, காத்திருக்க வேண்டியிருந்தது. அதற்குப் பிறகு இன்னும் வரவில்லை.

உங்கள் ஊர்ப் பக்கம் பற்றிக் கேட்டீர்கள். அன்றைய மதராஸ் கிரிக்கெட் பெரும்பாலும் சென்னை லீக்கைச் சுற்றியே இயங்கியது. அந்த வட்டத்துக்கு வெளியே இருந்தவன் எவ்வளவு நன்றாக வீசினாலும் தேர்வாளர் கண்ணில் படுவது அபூர்வம். உங்கள் சேலம் பக்கத்துச் சின்னப்பம்பட்டி நடராஜனும் டென்னிஸ் பந்தில்தான் வளர்ந்தார். ஆனால் சென்னைக்குப் போய் நான்காம் டிவிஷனில் தொடங்கி, 2015 ஜனவரியில்தான் ரஞ்சியில் இறங்கினார். பந்துவீச்சு முறையில் சந்தேகம் எழுந்தபோது அதையும் திருத்திக்கொண்டு வந்தார். 2021 ஜனவரியில் பிரிஸ்பேன் டெஸ்டில் முதல் இன்னிங்ஸிலேயே 3 விக்கெட்.

இப்போது சென்னை வரை ஓடாமலே தொடங்கலாம். வாழப்பாடியில் 2020இல் திறந்த மைதானத்தில் டி.என்.பி.எல். ஆட்டங்களே நடக்கின்றன. நடராஜன் தன் ஊரிலேயே 2023இல் மைதானம் திறந்திருக்கிறார். மகனைச் சீக்கிரமே ஸ்டிச் பாலுக்கு மாற்றுங்கள். டென்னிஸ் பந்தில் வேகம் பழகும். தையலைப் பிடித்து ஸ்விங் செய்வது அதில் வராது. முதல் சில மாதங்கள் அடி விழும், விக்கெட் விழாது. அப்போது அவனை வீட்டில் யாரும் திட்டக் கூடாது.