பொறியியலில் பெண்கள்: நம்பிக்கைகளும் உண்மைகளும்

நம்பிக்கை: கம்ப்யூட்டர் வேலைகள் பெருகிய பிறகுதான் பெண்கள் பொறியியலுக்கு வந்தார்கள்.

இந்தியப் பெண்கள் பொறியியல் பட்டம் பெறத் தொடங்கியது நாடு விடுதலை அடைவதற்கு முன்பே. 1794இல் நில அளவைப் பள்ளியாகத் தொடங்கிய கிண்டி பொறியியல் கல்லூரி, ஏறத்தாழ ஒன்றரை நூற்றாண்டு ஆண் மாணவர்களை மட்டுமே கண்டது. 1940இல் அ. லலிதா அங்கே மின் பொறியியல் வகுப்பில் சேர்ந்தார். 1919இல் சென்னையில் ஒரு தெலுங்குக் குடும்பத்தில் பிறந்தவர் அவர். 15 வயதில் திருமணம் ஆனது. 18 வயதில் கணவரை இழந்தபோது மகளுக்கு நான்கே மாதம். தந்தை பப்பு சுப்பா ராவ் அதே கல்லூரியில் மின் பொறியியல் பேராசிரியராக இருந்தார். கைம்பெண்ணான மகளை வீட்டுக்குள் முடக்காமல் தன் வகுப்பறைக்கே அழைத்துவந்த அந்தத் தந்தையின் துணிவையும் இங்கே சேர்த்துச் சொல்ல வேண்டும். கல்லூரி முதல்வர் கே.சி. சாக்கோவும் பொதுக்கல்வி இயக்குநர் ஆர்.எம். ஸ்டாத்தமும் இசைவு தந்தனர்.

நூற்றுக்கணக்கான ஆண்கள் படித்த வளாகத்தில் ஒரே பெண்ணாக இருப்பது லலிதாவுக்குத் தனிமையாக இருந்தது. மாணவிகளும் விண்ணப்பிக்கலாம் என்ற அறிவிப்பு வெளிவரத் தந்தை வழிசெய்தார். அறிவிப்பு வந்ததும் மலையாள நாட்டிலிருந்து பி.கே. திரேசியா, லீலாம்மா ஜார்ஜ் என்ற இருவர் சிவில் பிரிவில் சேர்ந்தனர். பெண்களுக்கு ஆர்வம் இல்லாததால்தான் அவர்கள் வரவில்லை என்று அதுவரை யாரேனும் எண்ணியிருந்தால், ஓர் அறிவிப்பே அந்த எண்ணத்தைத் தகர்த்துவிட்டது. இரண்டாம் உலகப் போர்க்காலத்தில் படிப்புக்காலம் சுருக்கப்பட்டதால், ஓராண்டு பின்னால் சேர்ந்த இருவரும் லலிதாவுடன் ஏறத்தாழ ஒரே சமயத்தில் படிப்பை முடித்தனர். பட்டச் சான்றிதழின் அச்சு வாசகத்தில் ஆண்பாற்சொல்தான் இருந்தது. அதை அடித்துவிட்டுப் பெண்பாற்சொல்லைக் கையால் எழுதிக் கொடுத்தார்கள். ‘இந்தியாவின் முதல் பெண் பொறியாளர்’ என்று லலிதாவின் பெயரை மட்டும் சொல்வது வழக்கமாகிவிட்டது. மூன்று பெயர்களையும் சேர்த்துச் சொல்வதே சரி.

நம்பிக்கை: குழந்தையும் குடும்பமும் உள்ள பெண்ணுக்குப் பொறியியல் ஒத்துவராது, ஆசிரியப் பணியோ மருத்துவமோதான் பொருந்தும்.

லலிதா பொறியியலைத் தேர்ந்தெடுத்ததே குழந்தைக்காகத்தான். மருத்துவம் படித்த பெண்கள் அன்றும் இருந்தார்கள். ஆனால் மருத்துவரானால் நள்ளிரவிலும் குழந்தையை விட்டுவிட்டு ஓட வேண்டியிருக்கும். காலையில் போய் மாலையில் திரும்பும் வேலை வேண்டும் என்பதே அவருடைய கணக்கு. படிப்பு முடிந்ததும் ஜமால்பூர் ரயில்வே பட்டறையில் ஓராண்டு செய்முறைப் பயிற்சி பெற்றார். பிறகு சிம்லாவில் மத்திய தர நிர்ணய அமைப்பில் பணியாற்றினார். தந்தையின் ஆய்வுகளுக்குச் சில காலம் துணை நின்றபின், 1948இல் கல்கத்தாவில் அசோசியேட்டட் எலக்ட்ரிகல் இண்டஸ்ட்ரீஸ் நிறுவனத்தில் சேர்ந்தார். அந்த ஊரில் உறவினர் வீடு இருந்ததால் மகளை விட்டுச்செல்ல இடம் கிடைத்தது. மின்தொடர்ப் பாதைகளின் வடிவமைப்பும் துணை மின்நிலையங்களின் அமைப்புத் திட்டமும் அவர் கையில் வந்தன. பக்ரா நங்கல் அணையின் மின்னாக்கிகள் தொடர்பான பணியிலும் அவர் பங்கு உண்டு. 1964இல் நியூயார்க்கில் நடந்த பெண் பொறியாளர்கள், அறிவியலாளர்களின் முதல் பன்னாட்டு மாநாட்டில் கலந்துகொண்டார். 1966இல் லண்டன் மின் பொறியாளர் கழகத்தின் முழு உறுப்பினரானார். 1977இல் ஓய்வு பெறும்வரை வேலையையும் விடவில்லை, மகளையும் வளர்த்து ஆளாக்கினார்.

நம்பிக்கை: சிவில், மெக்கானிக்கல் ஆண்களுக்கு, ஐ.டி., இ.சி.இ. பெண்களுக்கு.

ஒவ்வோர் ஆண்டும் கவுன்சிலிங் நேரத்தில் வீடுதோறும் கேட்கும் பேச்சு இது. வரலாறு இதற்கு நேர்மாறாகவே இருக்கிறது. மேலே சொன்ன மூவரில் இருவர் சிவில் படித்தவர்கள். அவர்களில் திரேசியா பொதுப்பணித்துறையில் படிப்படியாக உயர்ந்து 1971இல் கேரளத்தின் தலைமைப் பொறியாளரானார். நாட்டில் அப்பதவிக்கு வந்த முதல் பெண் அவர்தான். 1979இல் ஓய்வு பெறும்வரை, எட்டு ஆண்டுகள், ஒரு மாநிலத்தின் சாலைகளும் பாலங்களும் அரசுக் கட்டடங்களும் அவருடைய கையொப்பத்துக்குக் காத்திருந்தன. சாலை போடும் தாரில் ரப்பரைக் கலந்து பார்க்கும் சோதனையையும் மேற்கொண்டார். ரப்பர் விளையும், மழை கொட்டும் மண்ணுக்கு ஏற்ற யோசனை அது.

பாலக் கட்டுமானத்தில் சகுந்தலா பகத்தின் பெயரை அறிந்தவர்கள் இன்றும் குறைவு. மும்பையில் சிவில் படித்த அவர், கணவருடன் சேர்ந்து குவாட்ரிகான் என்ற நிறுவனத்தைத் தொடங்கினார். பாலத்தின் பாகங்களை ஒரே அளவு முறையில் பட்டறையில் செய்து, லாரியில் ஏற்றிக் கொண்டுபோய், ஆற்றங்கரையில் பொருத்திவிடலாம் என்பது அந்த முறையின் சாரம். பெரிய இயந்திரங்களைக் கொண்டுசெல்ல முடியாத மலைப்பகுதிகளுக்கு இது பெரிய வசதி. முதல் பாலம் 1972இல் இமாசலப் பிரதேசத்தின் ஸ்பிட்டியில் அமைந்தது.

நம்பிக்கை: தொழிற்சாலைக்கும் சுரங்கத்துக்கும் போகப் பெண்களுக்கே விருப்பமில்லை.

விருப்பம் இருந்ததா இல்லையா என்ற கேள்விக்கே பல காலம் இடமில்லாமல் போனது. சட்டமே வழியை அடைத்திருந்தது. 1948ஆம் ஆண்டின் தொழிற்சாலைகள் சட்டத்தின் 66ஆம் பிரிவு, காலை 6 மணி முதல் மாலை 7 மணி வரை மட்டுமே பெண்கள் தொழிற்சாலையில் வேலை செய்யலாம் என்றது. மாநில அரசு இந்த நேரத்தைத் தளர்த்த இடமிருந்தது. ஆனால் இரவு 10 முதல் காலை 5 வரை எந்தத் தளர்வுக்கும் இடமில்லை என்றது சட்டம். ஷிப்ட் முறையில் ஓடும் ஆலையில், இரவு ஷிப்டுக்கு வர முடியாத பொறியாளரை எடுக்க நிர்வாகங்கள் தயங்கின. அந்தத் தயக்கம் பிறகு ‘பெண்கள் விண்ணப்பிப்பதில்லை’ என்ற பேச்சாக மாறியது. அந்த இரவுப் பணித் தடையை அரசியலமைப்புக்கு முரணானது என்று சென்னை உயர் நீதிமன்றம் ரத்து செய்தது 2000ஆம் ஆண்டில்தான்.

சுரங்கங்களின் நிலை இன்னும் கடுமை. 1952ஆம் ஆண்டின் சுரங்கச் சட்டத்தின் 46ஆம் பிரிவு, நிலத்துக்கு அடியில் எந்தப் பெண்ணையும் வேலைக்கு வைக்கக் கூடாது என்றது. பெண்களைக் காப்பதே அதன் நோக்கம். 1935இல் உலகத் தொழிலாளர் அமைப்பு கொண்டுவந்த உடன்படிக்கையும் இதையே சொன்னது. ஆனால் கல்லை வெட்டிச் சுமந்த கூலிப் பெண்ணை மனதில் வைத்து எழுதிய விதி, சுரங்கப் பொறியியல் படித்த பெண்ணுக்கும் அப்படியே பொருந்தியது. தொழில்நுட்ப, மேற்பார்வை, நிர்வாகப் பணிகளில் உள்ள பெண்கள் பகல் நேரத்தில் நிலத்தடியில் பணியாற்றலாம் என்று மத்திய அரசு விலக்கு அளித்தது 2019இல். இரண்டே ஆண்டுகளில், 2021இல், கோல் இந்தியாவின் துணை நிறுவனமான சென்ட்ரல் கோல்ஃபீல்ட்ஸ் தன் நிலத்தடி நிலக்கரிச் சுரங்கத்தில் ஒரு பெண் பொறியாளரைப் பணியமர்த்தியது.

நம்பிக்கை: ஐ.ஐ.டி.யில் பெண்களுக்கு ஒதுக்கிய இடங்கள் ஆண்களிடமிருந்து பறித்தவை.

2018இல் இந்தத் திட்டம் தொடங்கியபோது ஏற்கெனவே இருந்த இடங்கள் எதுவும் குறைக்கப்படவில்லை. கூடுதல் இடங்கள் உருவாக்கப்பட்டு அவையே பெண்களுக்கு அளிக்கப்பட்டன. அந்த ஆண்டு 14 சதவீதம், அடுத்த ஆண்டு 17, 2020இல் 20 என்று பெண்களின் பங்கை உயர்த்துவதே இலக்கு. இந்த இடத்தைப் பெறும் மாணவியும் ஜே.இ.இ. அட்வான்ஸ்டு தேர்வில் தகுதி பெற்றுத் தரவரிசைப் பட்டியலில் வந்தாக வேண்டும்.

கணக்கு பெண்களுக்கு வராது என்ற பழைய பேச்சையும் மாணவர் சேர்க்கை எண்களே மறுக்கின்றன. 2016இல் ஐ.ஐ.டி.களில் சேர்ந்தவர்களில் பெண்கள் ஏறத்தாழ 8 சதவீதம். அகில இந்திய உயர்கல்விக் கணக்கெடுப்பின்படி, 2020-21இல் நாட்டின் பொறியியல் மாணவர்கள் அனைவரிலும் பெண்கள் சுமார் 29 சதவீதம். அமெரிக்காவையும் பிரிட்டனையும் விட இது அதிகம். திறமைக் குறைவுதான் காரணம் என்றால் ஒரே நாட்டுக்குள் ஐ.ஐ.டி.களுக்கும் மற்ற கல்லூரிகளுக்கும் இடையே இத்தனை பெரிய இடைவெளி வர நியாயமில்லை. வெளியூர்ப் பயிற்சி மையத்துக்கு மகனை இரண்டு ஆண்டு அனுப்பும் குடும்பம், மகளை அனுப்ப யோசிக்கிறது. அந்த யோசனையே நுழைவுத்தேர்வு அறை வரை நீள்கிறது.

நம்பிக்கை: படத்தில் பட்டுப்புடவையும் பூவுமாகக் கொண்டாடிய அந்தப் பெண்கள்தான் மங்கள்யானைச் செலுத்தியவர்கள்.

2014 செப்டம்பரில் மங்கள்யான் விண்கலம் செவ்வாயின் சுற்றுப்பாதையை அடைந்தபோது உலகமெங்கும் பரவிய படம் அது. படத்தில் இருந்தவர்கள் நிர்வாகப் பிரிவு ஊழியர்கள் என்று இஸ்ரோ பின்னர் விளக்கியது. பொறியாளர்களான பெண்கள் அந்நேரம் கட்டுப்பாட்டு அறையில் தங்கள் இருக்கைகளில் இருந்தார்கள். திட்டத்தின் துணை இயக்கப் பொறுப்பாளர்களாக இருந்த ரிது கரிதாலும் நந்தினி ஹரிநாத்தும் அவர்களில் இருவர். இஸ்ரோவில் தமிழ்நாட்டுப் பெண்கள் ஏற்ற பொறுப்புகளும் பெரியவை. அரியலூரைச் சேர்ந்த வளர்மதி, 2012இல் ஏவப்பட்ட ரிசாட்-1 செயற்கைக்கோளின் திட்ட இயக்குநர். சென்னையில் வளர்ந்த முத்தையா வனிதா சந்திரயான்-2இன் திட்ட இயக்குநர். செங்கோட்டையைச் சேர்ந்த நிகர் ஷாஜி, 2023இல் சூரியனை நோக்கிப் புறப்பட்ட ஆதித்யா-எல்1இன் திட்ட இயக்குநர்.

புகழும் சில சமயம் உண்மையைத் திரிக்கிறது. 2025 ஜூனில் ஜம்மு-காஷ்மீரின் செனாப் ரயில் பாலம் திறக்கப்பட்டபோது, அந்தப் பாலத்தையே ஒரு பெண் கட்டியதுபோலச் செய்திகள் வந்தன. ஆற்றிலிருந்து 359 மீட்டர் உயரத்தில் நிற்கும் அப்பாலத்தில் பெங்களூர் இந்திய அறிவியல் கழகப் பேராசிரியர் ஜி. மாதவி லதாவின் பங்கு திட்டவட்டமானது. தாங்குதூண்களின் அடித்தளம் அமையும் மலைச்சரிவுகளைச் சரியாமல் நிலைப்படுத்தும் முறையில் 17 ஆண்டுகள் ஆலோசனை தந்தவர் அவர். விரிசலும் பிளவும் நிறைந்த பாறையில், தோண்டத் தோண்ட வெளிப்படும் நிலைக்கேற்பத் திட்டத்தை மாற்றிக்கொண்டே போக வேண்டிய வேலை அது. பாலத்துக்காக உழைத்த ஆயிரக்கணக்கானோரில் தானும் ஒருவர், தன்னை மட்டும் தனித்துப் புகழ வேண்டாம் என்று அவரே வெளிப்படையாகக் கேட்டுக்கொண்டார்.