ஓவன் இல்லாத வீட்டில் மலைவாழை கிரம்பிள்

பேக்கிங் என்றாலே நம்ம ஊரில் பலர் "அதுக்கு ஓவன் வேணுமேப்பா" என்று பின்வாங்கிவிடுகிறார்கள். ஓவன் என்பது வேறொன்றுமில்லை, நாலாபுறமும் சூடான காற்று நிற்கும் ஒரு பெட்டி. அதை ஒரு கனமான கடாயும் மூடியும் வைத்தே உண்டாக்கலாம். பேக்கரியை 'வெதுப்பகம்' என்று ஈழத்தில் சொல்வார்கள். அந்த 'வெதுப்புதல்' இதற்கு ரொம்பப் பொருத்தமான சொல்.

நாம் செய்யப்போவது கிரம்பிள். அடியில் பழம், மேலே வெண்ணெயில் உதிர்த்த மாவு, அவ்வளவுதான். இங்கிலாந்தில் 1940 ஜனவரியில் வெண்ணெய்க்கும் சர்க்கரைக்கும் ரேஷன் வந்தது. ஒழுங்கான 'பை' செய்ய வெண்ணெய் போதாத அந்தக் காலத்தில் வீடுகளில் பரவிய பண்டம் இது. சிக்கனத்தில் வளர்ந்ததால் மாணவர் பட்ஜெட்டுக்குச் சரியாக ஒத்துவரும்.

பழத்துக்கு என் ஓட்டு சிறுமலை மலைவாழைக்கு. மதுரையில் வாழைப்பழக் கடைகளில் 'மலைவாழை' என்று கேட்டாலே எடுத்துத் தருவார்கள். திண்டுக்கல்லில் இருந்து 18 கொண்டை ஊசி வளைவு ஏறினால் வரும் மலை அது. 1985இல் திண்டுக்கல் தனி மாவட்டம் ஆகும்வரை நம்ம மதுரை மாவட்டம்தான். இந்தப் பழத்தில் நீர்ச்சத்து குறைவு. பழுக்கப் பழுக்கத் தோல் சுருங்குமே தவிர, சீக்கிரம் கொழகொழத்துப் போகாது. பழனி பஞ்சாமிர்தத்துக்கு மலைவாழையைத் தேடுவதும் இதனால்தான். 1970களில் முடிக்கொத்து நோய் வந்து இந்த மலைகளில் வாழைத் தோட்டங்களை ஏறக்குறைய துடைத்துப்போட்டது. அசுவினி பரப்பும் வைரஸ் அது. நோயற்ற கன்றுகளை வைத்து மெல்ல மெல்ல மீட்டெடுத்திருக்கிறார்கள். கிலோவுக்குக் கொஞ்சம் கூடச் சொன்னால் முகம் சுளிக்காமல் வாங்குங்கள்!

அளவு: கோதுமை மாவு 100 கிராம், வெண்ணெய் 50, நாட்டுச் சர்க்கரை 50. இரண்டுக்கு ஒன்றுக்கு ஒன்று, எடையில். இது நினைவிருந்தால் போதும், எத்தனை பேருக்கு வேண்டுமானாலும் பெருக்கிக்கொள்ளலாம். பழம் ஏழெட்டு, ஏலக்காய் இரண்டு, எலுமிச்சைச் சாறு ஒரு ஸ்பூன், உப்பு ஒரு சிட்டிகை. பழத்துக்குத் தனியாகச் சர்க்கரை வேண்டாம்.

இனி ஒரு சிக்கல். நிஜ ஓவனில் மேலேயும் சூடு இருக்கும், மாவு பொன்னிறமாகும். கடாயில் சூடு கீழிருந்து மட்டும் வருவதால் மேல்பக்கம் வெளுத்தே கிடக்கும். அதனால் மாலாடுக்குச் செய்வது போல மாவை முதலிலேயே வெறும் வாணலியில், சிறு தீயில், வாசம் வரும்வரை வறுத்துவிடுங்கள். நிறமும் மணமும் அங்கேயே வந்துவிடும். பிறகு மாவு நன்றாக ஆற வேண்டும். இதில் அவசரப்பட்டால் காரியம் கெடும்.

வெண்ணெய் கெட்டியாக இருக்கும்போது பிசறினால்தான் மாவு சிறு கட்டிகளாக உதிரும். உருகினால் சப்பாத்தி மாவாகிவிடும். வெண்ணெய் உருகுவது ஏறக்குறைய 32 முதல் 35 டிகிரி செல்சியஸில். சித்திரை மாச மதுரையில் அடுப்படி அதைவிடச் சூடு! ஆகவே வெண்ணெயைச் சின்னத் துண்டுகளாக நறுக்கி ஃப்ரீசரில் பத்து நிமிஷம் வையுங்கள். பிறகு மாவு, சர்க்கரை, உப்போடு விரல் நுனியால் மட்டும் பிசறுங்கள். உள்ளங்கை படக்கூடாது. உதிரியானதும் திரும்ப ஃப்ரிட்ஜில்.

பழத்தைத் தடித்த வில்லைகளாக நறுக்கி, எலுமிச்சையும் ஏலக்காயும் கலந்து, எவர்சில்வர் டிபன் பாக்ஸில் பரப்புங்கள். மேலே மாவைத் தூவுங்கள், அழுத்த வேண்டாம். முக்கால் பாகத்துக்கு மேல் நிரப்பாதீர்கள்.

கனமான கடாயில் ஒரு கப் உப்பு பரப்பி, நடுவில் ஒரு ஸ்டாண்டு வைத்து, மூடி, மிதமான தீயில் பத்து நிமிஷம் சூடாக்குங்கள். உப்பு 801 டிகிரியில்தான் உருகும், அதனால் கவலை இல்லை. சூட்டைச் சேமித்து மெதுவாக, சமமாக விடுவதுதான் அதன் வேலை. கல் உப்பு என்றால் உள்ளே சிக்கிய ஈரம் ஆவியாகிப் படபடவென்று பொரியும், மூடியைத் திறக்காதீர்கள். டப்பாவை இடுக்கியால் இறக்கி, மூடி, சிறு தீயில் 30 முதல் 35 நிமிஷம். கடைசிப் பத்து நிமிஷம் மூடியை லேசாகத் திறந்து வைத்தால் ஆவி வெளியேறும், மேலே மொறுமொறுப்பு வரும்.

குக்கர் விஷயத்தை அழுத்திச் சொல்ல வேண்டியிருக்கிறது. 'கேஸ்கட்டையும் வெயிட்டையும் எடுத்துவிட்டு, தண்ணீர் இல்லாமல் குக்கரில் பேக் செய்யலாம்' என்று எத்தனையோ வீடியோக்கள் சொல்கின்றன. அவை பேசாத பாகம் ஒன்று குக்கர் மூடியில் இருக்கிறது: பாதுகாப்பு வால்வு. பல குக்கர்களில் அதற்குள் குறைந்த வெப்பத்திலேயே உருகும் உலோகக் கலவை இருக்கும். உள்ளே தண்ணீர் வற்றினால் அது உருகி அழுத்தத்தை வெளியேற்றிவிடும். சாதாரணமாகச் சமைக்கும்போது குக்கருக்குள் 120 டிகிரி சுமார்தான். வெறும் சூட்டில் அதைத் தாண்டிப் போகும். அப்போது வால்வு பழுதாகலாம். மறுநாள் அம்மா அதே மூடியைப் போட்டுப் பருப்பு வைப்பார்கள். குக்கர்தான் இருக்கிறது என்றால் பாத்திரத்தை மட்டும் எடுத்து, மேலே ஒரு கனமான தட்டைப் போட்டு மூடுங்கள். குக்கர் மூடி அலமாரியிலேயே இருக்கட்டும். சும்மா காய்ந்தால் அலுமினியம் அடி நெளியும், ஆகவே பழைய பாத்திரமே உத்தமம்.

ஓரத்தில் பழச்சாறு குமிழ்விட்டால் வெந்துவிட்டது. அன்னாசியோ கோடைக்கானல் பேரிக்காயோ போட்டால் நீர் அதிகம். நறுக்கி வாணலியில் ஐந்து நிமிஷம் சுண்டவிட்டுப் பிறகு டப்பாவில் போடுங்கள். அடுப்பை அணைத்தபின் கால் மணி நேரம் ஆறவிட்டுச் சாப்பிடுங்கள், மேலே குளிர்ந்த பாலேடு ஒரு கரண்டி விட்டு. ஆறிய உப்பை ஒரு டப்பாவில் போட்டு 'பேக்கிங் உப்பு' என்று எழுதி வைத்துவிடுங்கள், யாராவது எடுத்துச் சாம்பாரில் போட்டுவிடப் போகிறார்கள்.