மருதாத்தாள் என்றால் என்ன பொருள்?

அன்புள்ள அம்மிணிக்கு,

உங்கள் கடிதம் கிடைத்தது. மகள் பிறந்து நாற்பது நாளாகிவிட்டது, இன்னும் பேர் முடிவாகவில்லை என்று எழுதியிருக்கிறீர்கள். ஜோசியர் குறித்துக் கொடுத்த எழுத்துகள் ஒரு பக்கம், கைப்பேசியில் நீங்கள் சேர்த்து வைத்த பேர்கள் இன்னொரு பக்கம். நடுவில் உங்கள் மாமியார், “எங்க மாமியா பேர வெக்கோணும்” என்று ஒரே பிடியாக நிற்கிறார். அந்தப் பேர் மருதாத்தாள் என்பதையே வீட்டுக்காரர் சொல்லித்தான் தெரிந்துகொண்டீர்களாம். மாமியார் தன் வாயால் சொல்லவே இல்லையாம். ‘எந்தப் பேர்ப் புத்தகத்திலும் இதற்குப் பொருள் போடவில்லையே’ என்று கேட்கிறீர்கள்.

பொருள் இருக்கிறது. மருத மரத்தால் பேர் பெற்றது மருதமலை. மருதாசலம் என்றாலும் அதே மலைதான். அசலம் என்றால் மலை. அந்த முருகனைக் கும்பிட்ட வீட்டில் ஆண் பிறந்தால் மருதாசலம், பெண் பிறந்தால் மருதாத்தாள். இங்கே ஆத்தாள் என்பது வயதைக் குறிப்பதில்லை. தொட்டிலில் கிடக்கும்போதே நம் பக்கத்துப் பெண்ணுக்கு அந்த மரியாதை வந்துவிடும்.

என் அப்பாரு கல்யாணத்தின் மொய் நோட்டு எங்கள் வீட்டு மரப்பெட்டியில் இருக்கிறது. ஓரமெல்லாம் பூச்சி அரித்த நோட்டு. எட்டணா, ஒரு ரூபாய் என்று எழுதிய தொகைகளை விட்டுவிட்டுப் பேர்களை மட்டும் படித்தால் கொங்கு நாட்டையே ஒரு சுற்றுச் சுற்றி வரலாம். ரங்கசாமி என்று வந்தால் காரமடை. சென்னியப்பன் சென்னிமலை, அவிநாசியப்பன் அவிநாசி, மகுடேஸ்வரன் கொடுமுடி. பவானி கூடுதுறைக்குச் சங்கமேஸ்வரன், திருச்செங்கோட்டுக்கு அர்த்தநாரி, உடுமலைப் பக்கத்துக்குத் திருமூர்த்தி. பண்ணாரி என்று ஆணும் உண்டு, பெண்ணும் உண்டு. பழனிச்சாமிகளை எண்ணி முடியாது. ஆளைப் பார்க்காமலே அவர் வீட்டுக்காரர்கள் எந்தக் கோயிலுக்கு நடந்து போய் வேண்டிக்கொண்டார்கள் என்று சொல்லிவிடலாம்.

திருப்பூர் குமரனை எடுத்துக்கொள்ளுங்கள். 1932 ஜனவரியில் கொடியோடு விழுந்த அந்தப் பிள்ளை 1904இல் பிறந்தது சென்னிமலையில். வீட்டில் வைத்த பேர் குமாரசாமி. மலைமேல் இருக்கிற சாமியின் பேர்தான் அது. தீரன் சின்னமலைக்குப் பெற்றவர்கள் வைத்த பேர் தீர்த்தகிரி. மைசூருக்குப் போன வரிப்பணத்தை மறித்து வாங்கி, சிவன்மலைக்கும் சென்னிமலைக்கும் நடுவே ஒரு சின்னமலை வாங்கிக்கொண்டான் என்று போய்ச் சொல்லச் சொன்னதாகக் கதை. காங்கேயம் பக்கம் இதைச் சொல்லாத வீடு இல்லை. 1805இல் சங்ககிரியில் அவரைத் தூக்கிலிட்டார்கள். இரண்டு மலைகளுக்கு நடுவே தானாக எடுத்துக்கொண்ட பேர்தான் இன்றைக்கும் நிற்கிறது.

ஆனால், சொல்லுக்கு என்ன பொருள் என்பதோடு நின்றுவிட்டால் பேர் பாதிதான் புரியும். என் ஆத்தாவின் பேர் குப்பாத்தாள். அகராதியைப் புரட்டினால் குப்பைதான் வரும். அவருக்கு முன் பிறந்த மூன்று குழந்தைகள் தங்கவில்லை. நாலாவதாக இவர் பிறந்ததும் முறத்தில் போட்டுக் குப்பைமேட்டில் கொண்டுபோய் வைத்திருக்கிறார்கள். பக்கத்து வீட்டு அம்மா எடுத்துவந்து, “எனக்குக் கெடச்ச புள்ள, வேணும்னா வாங்கிக்குங்க” என்று கொடுக்க, பெற்றவளே ஒரு படி தவிடு அளந்து கொடுத்துத் தன் பிள்ளையை விலைக்கு வாங்கினாள். யாருக்கும் வேண்டாத பிள்ளை என்று எமன் நினைத்து விட்டுவிட வேண்டும், அதற்குத்தான் அத்தனையும். முதியோர் உதவித்தொகைக்காக நான் அவரைக் கூட்டிப்போன அலுவலகத்தில் ஒருவர் அந்தப் பேரைச் சத்தமாகப் படித்துச் சிரித்தார். எனக்கு முகம் சுண்டிவிட்டது. ஆத்தா நிதானமாக, “பொழச்சுக் கெடக்கட்டும்னு வெச்ச பேருங்க சாமி” என்றார். எண்பது வயதைத் தாண்டி இருந்தார்.

குப்பன், பிச்சை, தவிடன் என்று தமிழ்நாடு முழுக்க இந்தப் பேர்கள் உண்டு. நைஜீரியாவில் யோருபா மக்களிடமும் இதே வழக்கம். பிள்ளைகள் அடுத்தடுத்து இறந்த வீட்டில் பிறக்கும் குழந்தைக்கு மலோமோ என்று பேர் வைப்பார்கள். ‘திரும்பவும் போய்விடாதே’ என்று பொருள். துரோஜையே என்றால் ‘இருந்து வாழ்ந்து பார்’. ஆத்தாவைப் பெற்றவள் இதைக் கேட்டிருந்தால் யாரும் விளக்க வேண்டியிருந்திருக்காது.

காரணத்தைப் பார்க்கச் சொல்வதால் எல்லாப் பழைய பேருக்கும் நான் வக்காலத்து வாங்குகிறேன் என்று நினைக்க வேண்டாம். போதும்பொண்ணு, வேண்டாம் என்று நம் ஊர்களில் வைத்தார்களே, அந்தச் சொற்களில் குப்பை இல்லை, வைத்த மனதில் இருந்தது. மகாராஷ்டிரத்தில் சாத்தாரா மாவட்டத்தில் ‘வேண்டாதவள்’ என்று பொருள்படும் நகுஷா என்ற பேரைச் சுமந்த 280க்கும் மேற்பட்ட பெண்கள் 2011 அக்டோபரில் ஒரே விழாவில் புதுப்பேர் வைத்துக்கொண்டார்கள். சீனாவில் பெண்ணுக்கு ‘தம்பியை அழைத்து வா’ என்றே பேர் வைத்த வீடுகள் ஏராளம். அப்படிப்பட்ட பேரை மாற்றத்தான் வேண்டும்.

உங்கள் மாமியார் கேட்பது அந்த வகை அல்ல. பேரன் என்ற சொல்லே பெயரன்தான், பேத்தி என்பது பெயர்த்தி. பாட்டன் பாட்டி பேரைத் தாங்குகிறவர்கள் என்பதை உறவுமுறையிலேயே வைத்திருக்கிற மொழி நம்முடையது. கிரேக்கர்களும் மூத்த மகனுக்கு அப்பா வழித் தாத்தா பேரை வைக்கிறார்கள். ஐரோப்பாவில் வாழ்ந்த அஷ்கெனாசி யூதர்கள் இதில் கவனமானவர்கள், உயிரோடு இருப்பவர் பேரைப் பிள்ளைக்கு வைக்க மாட்டார்கள். நம்மிடம் மருமகள் மாமியார் பேரைச் சொல்லக்கூடாது. அதனால் அதே பேருள்ள பேத்தியை ‘கண்ணு’, ‘அம்மிணி’ என்றே கூப்பிட்டு வளர்த்தார்கள். பள்ளிக்கூடத்தில் சேர்க்கும்போதுதான் பல பிள்ளைகளுக்குத் தங்கள் சொந்தப் பேரே தெரிந்தது.

நீங்கள் கேட்டதால் சொல்கிறேன், வையுங்கள். மருதா என்று கூப்பிடலாம், அழகாகவே இருக்கிறது. அவசரமும் இல்லை. பிறப்பைப் பதிந்துவிட்டால், பேரை 12 மாதத்துக்குள் கட்டணமில்லாமல் சேர்த்துக்கொள்ளலாம். அதற்கு முன்னால் ஒரு காரியம் செய்யுங்கள். ஒரு சாயங்காலம் மாமியாரை உட்கார வைத்து, அந்தப் பெரியம்மா எப்படிப்பட்டவர், யார் என்ன வேண்டிக்கொண்டு அவருக்கு அந்தப் பேரை வைத்தார்கள் என்று கேளுங்கள். பேரை மட்டும் அவர் சொல்ல மாட்டார். மற்றதையெல்லாம் சொல்வார். கேட்டதை எனக்கும் எழுதுங்கள்.

அன்புடன்,
உங்கள் அக்கா