விடையைக் கொஞ்சம் தள்ளிப் போடுங்கள்

வினாவழிக் கற்றல் என்றதுமே ஆசிரியர்களுக்கு வரும் முதல் கவலை, "சிலபஸை எப்போது முடிப்பது?" நியாயமான கவலைதான். எல்லாப் பாடத்தையும் இப்படி நடத்த வேண்டியதில்லை. தனிமங்களின் குறியீடுகளை நேரடியாகச் சொல்லிக்கொடுத்துவிடுங்கள். அதில் பிள்ளைகள் தேடிக் கண்டுபிடிக்க ஒன்றுமில்லை. மாதத்துக்கு ஒரு பாடம் போதும். ஆனால் கேள்வி, ஒரே பீரியடில் சோதித்துப் பார்க்கக்கூடியதாக இருக்க வேண்டும்.

தொடக்கத்துக்குத் தனி ஊசல் அருமையான பாடம். நூல், கல், கைபேசி ஸ்டாப்வாட்ச் போதும். "கனமான கல் வேகமாக ஆடுமா, மெதுவாக ஆடுமா?" என்று கேளுங்கள். ஒவ்வொருவரும் தன் ஊகத்தை நோட்டில் எழுதிய பிறகே நூலைக் கையில் கொடுங்கள். இல்லையென்றால், விடை தெரிந்ததும் "நானும் அதைத்தான் சார் நினைத்தேன்" என்பார்கள். ஓர் அலைவை மட்டும் அளந்தால் பட்டனை அழுத்தும் தாமதமே கணக்கைக் கெடுத்துவிடும்; பத்து அலைவுகளை எண்ணச் சொல்லுங்கள். கல்லைச் சற்றே இழுத்து விட்டால் போதும். ஒரு மீட்டர் ஊசலுக்கு ஏறத்தாழ 20 விநாடி ஆகும், 25 செ.மீ. ஊசலுக்கு 10 விநாடி. எடை மாறினாலும் நேரம் மாறாது.

ஆனாலும் ஏதாவது ஒரு குழு, "பெரிய கல் மெதுவாகத்தான் ஆடுது" என்று அடம்பிடிக்கும். தவறு என்று சொல்லிவிடாதீர்கள். அவர்கள் பார்த்தது உண்மையாகவே இருக்கலாம். ஊசலின் நீளத்தைக் கல்லின் மையம் வரை அளக்க வேண்டும். பெரிய கல்லின் மையம் இன்னும் கீழே இருப்பதால், நூல் அதே அளவானாலும் ஊசல் நீண்டுவிடுகிறது. "எங்கிருந்து எதுவரை அளந்தீர்கள்?" என்று மட்டும் கேட்டுவிட்டு, பக்கத்துக் குழுவிடம் அனுப்பிவையுங்கள். வாக்குவாதம் எழும், வகுப்பில் சத்தம் கூடும். தலைமையாசிரியரிடம் முன்பே சொல்லி வைப்பது நல்லது.

கேட்டபின் காத்திருக்கவும் பழக வேண்டும். அமெரிக்க ஆய்வாளர் மேரி பட் ரோ வகுப்பறை ஒலிப்பதிவுகளை ஆராய்ந்தபோது, ஆசிரியர்கள் பதிலுக்காக ஏறத்தாழ ஒரு விநாடிதான் காத்திருப்பது தெரியவந்தது. அதை மூன்று விநாடியாக்கியதும் பதில்கள் நீண்டன. வாய் திறக்காத பிள்ளைகளும் பேசத் தொடங்கினர். மூன்று விநாடி, அவ்வளவுதான்!

தேர்வு மாறாவிட்டால் இதெல்லாம் வேடிக்கையாகவே நின்றுவிடும். மத்தியப் பிரதேசத்தின் ஹோஷங்காபாத் மாவட்டத்தில் 1972இல் 16 நடுநிலைப் பள்ளிகளில் தொடங்கிய அறிவியல் கற்பித்தல் திட்டம் இதைப் புரிந்துகொண்டிருந்தது. அங்கே புத்தகத்தையும் நோட்டையும் பார்த்தே தேர்வு எழுத முடிந்தது. செய்முறைத் தேர்வும் இருந்தது. 2002இல் மாநில அரசு அதை நிறுத்தியது பேரிழப்பு. பொதுத்தேர்வு நம் கையில் இல்லை. வகுப்புத் தேர்வு இருக்கிறது. அதில் இப்படி ஒரு கேள்வி வையுங்கள்: பத்து அலைவுகளுக்கு 25 செ.மீ. ஊசல் 10 விநாடியும், 50 செ.மீ. 14 விநாடியும், 75 செ.மீ. 21 விநாடியும், 100 செ.மீ. 20 விநாடியும் எடுத்ததாக ஒரு மாணவி குறித்திருக்கிறாள். எந்த அளவீட்டை அவள் மறுபடி எடுக்க வேண்டும், ஏன்?