மசியலுக்குள் ஒரு சோதனைச்சாலை

தை பிறந்ததும் சந்தையில் பச்சை மொச்சைக் காய் குவியத் தொடங்கிவிடும். பொங்கல் குழம்புக்குப் போக மீந்ததில் இரண்டு தம்ளர் மொச்சையை அம்மாவிடமோ பாட்டியிடமோ கேட்டு வாங்கிக்கொள்ளுங்கள். அதை வேகவைத்து, எள்ளும் கொத்தமல்லியும் புதினாவும் சேர்த்து அரைத்து, தோசைக்கோ சப்பாத்திக்கோ தொட்டுக்கொள்ள ஒரு மசியல் செய்யப் போகிறோம். மேற்கு ஆசிய நாடுகளில் கொண்டைக்கடலையையும் எள்ளையும் அரைத்து இதேபோல் ஒன்று செய்கிறார்கள். ஹம்முஸ் என்பது அதன் பெயர். அரபு மொழியில் அந்தச் சொல்லுக்குக் கொண்டைக்கடலை என்பதே பொருள்.

சமையல் குறிப்புக்கு இந்தப் பத்திரிகை எதற்கு என்று கேட்கிறீர்களா? ஒரு கேள்விக்கு விடை சொல்லுங்கள், பார்ப்போம். அதே மொச்சை, அதே அம்மி. ஒரு வீட்டில் மசியல் வெண்ணெய்போல் வருகிறது. இன்னொரு வீட்டில் நறநறவென்று நிற்கிறது. ஏன்? "சரியாக அரைக்கவில்லை" என்றுதான் பெரும்பாலோர் சொல்வார்கள். ஆனால் குற்றம் அம்மியில் இல்லை. மசியலின் தலையெழுத்து பெரும்பாலும் அடுப்பிலேயே, அதிலும் பானையிலுள்ள தண்ணீரிலேயே, எழுதப்பட்டுவிடுகிறது.

முதலில் மொச்சையை வெந்நீரில் சிறிது நேரம் போட்டு வையுங்கள். தோல் நீரை உறிஞ்சித் தளர்ந்துவிடும். விரலால் பிதுக்கினால் உள்ளே இருக்கும் பருப்பு வழுக்கிக்கொண்டு வெளியே வரும். பிதுக்குப் பருப்பு என்று பெயர் வந்தது இதனால்தான். தோல் பெரும்பாலும் செல்லுலோசால் ஆனது. எவ்வளவு வேகவைத்தாலும் கரையாது. அதை நீக்கியாயிற்று என்றால் நறநறப்பில் ஒரு பங்கு அப்போதே தொலைந்தது.

இனி பருப்பைக் கவனிப்போம். அது சுமார் 0.1 மில்லிமீட்டர் அளவுள்ள எண்ணற்ற செல்களால் ஆனது. ஒவ்வொரு செல்லும் மாவுப்பொருள் நிரப்பிய ஒரு பை என்று எண்ணிக்கொள்ளுங்கள். பைகளை ஒன்றோடொன்று ஒட்டிவைத்திருக்கும் பசைக்குப் பெக்டின் என்று பெயர். வேகும்போது இரண்டு காரியங்கள் நடக்கின்றன. பைக்குள் இருக்கும் மாவு நீரை உறிஞ்சி உப்பிக் கூழாகிறது. பைகளுக்கு இடையிலுள்ள பெக்டின் மெல்ல மெல்ல நீரில் கரைகிறது. பெக்டின் நன்றாகக் கரைந்திருந்தால், அரைக்கும்போது செல்கள் உடையாமல் தனித்தனியே பிரிந்துவிடும். கரையவில்லை என்றால் அவை கொத்துக் கொத்தாகவே நிற்கும். நாக்கில் மணலாக உறுத்துபவை அந்தக் கொத்துகளே.

இங்கே ஓர் ஐயம் எழலாம். கடினமான துகளாக இருந்தால் 0.03 மில்லிமீட்டர் அளவே இருந்தாலும் நாக்கு கண்டுபிடித்துவிடும் என்கிறார்கள். அப்படியானால் 0.1 மில்லிமீட்டர் செல் ஏன் உறுத்தவில்லை? நன்கு வெந்த செல் மெத்தென்று இருக்கிறது. நாக்குக்கும் அண்ணத்துக்கும் இடையே அகப்பட்டதும் நசுங்கிக்கொடுத்துவிடுகிறது. நாக்கு அளப்பது அளவை மட்டுமல்ல, விறைப்பையும் கூடத்தான்.

"இந்தக் கிணற்றுத் தண்ணீரில் பருப்பே வேகாது" என்று பெரியவர்கள் அலுத்துக்கொள்வதைக் கேட்டிருப்பீர்கள். அது வெறும் அலுப்பு அல்ல, துல்லியமான வேதியியல். கடின நீரில் கால்சியம், மக்னீசியம் அயனிகள் மிகுதி. ஒவ்வொரு கால்சியம் அயனிக்கும் இரண்டு மின்னூட்டங்கள் உண்டு அல்லவா? ஒரு கையால் ஒரு பெக்டின் இழையையும், மறு கையால் பக்கத்து இழையையும் அது பிடித்துக்கொள்கிறது. இழைகள் பின்னிக்கொண்டால் பசை கரையாது. சோப்பு நுரைக்காத தண்ணீரும் பருப்பு வேகாத தண்ணீரும் ஒன்றே என்பதன் காரணம் இதுதான். தற்காலிகக் கடினத்தன்மை என்றால் தண்ணீரைத் தனியே கொதிக்கவைத்து, ஆறித் தெளிந்ததை இறுத்துக்கொண்டால் போதும். பைகார்பனேட்டுகள் கார்பனேட்டாகி அடியில் படிந்துவிடும். சல்பேட்டும் குளோரைடும் தரும் நிரந்தரக் கடினத்தன்மை இதற்கெல்லாம் மசியாது. அதற்கு மழைநீரைத்தான் நாட வேண்டும்.

புளியும் இப்படியே. அமிலத்தில் பெக்டின் எளிதில் கரைவதில்லை. பருப்பு வெந்த பிறகுதான் புளி கரைத்து ஊற்ற வேண்டும் என்று பாட்டி சொன்னது சரி. ஆப்பச் சோடா இதற்கு நேர்மாறு. காரநீரில் பெக்டின் விரைவாகச் சிதைந்துவிடும். ஆனால் கூடவே பயற்றிலுள்ள பி1 வைட்டமினும் அழியும். சோப்பு வாடையும் அடிக்கும். எனக்கு அந்தக் குறுக்குவழியில் விருப்பமில்லை. உப்பைப் பற்றி மட்டும் சமையலறை வழக்குக்கு ஒரு மறுப்பு உண்டு. உப்பு போட்டால் வேகாது என்பார்கள். ஊறவைக்கும் நீரில் சிறிது உப்பு இருந்தால் சோடியம் அயனிகள் கால்சியத்தின் இடத்தைப் பிடித்துக்கொள்ளும். பயறு விரைவாகவே மெத்தென்றாகும்.

நம்பாதீர்கள், செய்து பாருங்கள். காய்ந்த மொச்சையில் ஒரே அளவுள்ள 90 விதைகளைப் பொறுக்கி, மழைநீரிலோ கொதிக்கவைத்து இறுத்த நீரிலோ இரவு முழுதும் ஊறவையுங்கள். மறுநாள் 30 விதைகளை அதே மென்னீரிலும், 30 விதைகளைக் கிணற்றுநீரிலும், 30 விதைகளைப் புளி கரைத்த மென்னீரிலும் ஒரே அளவான பாத்திரங்களில் வேகவையுங்கள். பத்து நிமிடத்துக்கு ஒருமுறை ஒவ்வொன்றிலிருந்தும் மூன்று விதைகளை எடுத்து, ஆறவைத்து, விரலால் நசுக்கி, எத்தனை நசுங்கின என்று குறித்துக்கொள்ளுங்கள். வரைபடத் தாளில் மூன்று கோடுகளையும் வரைந்தால் பானைக்குள் நடந்தது கண்ணுக்குத் தெரியும். வீட்டுப் பெரியவர் ஒருவர் அடுப்பருகே இருக்கட்டும்.

அரைகுறையாக வெந்ததையும் நன்றாக அரைத்துச் சமாளித்துவிடலாமே என்று நினைக்காதீர்கள். இது ருசியோடு முடிகிற விஷயம் அல்ல. வடைக்குப் பருப்பைப் பச்சையாகத்தான் அரைக்கிறோம். ஆனால் அது பிறகு எண்ணெயில் வேகிறது. மசியலோ அப்படியே வாய்க்குப் போகிறது. அரைத்த பின் எது வெந்தது, எது வேகாதது என்று யாராலும் சொல்ல முடியாது. மொச்சைக்குப் பதிலாகச் சிவப்பு ராஜ்மாவில் செய்ய விரும்புகிறவர்கள் மிகவும் கவனிக்க வேண்டும். அதிலுள்ள லெக்டின் என்னும் புரதம் கடும் வாந்தியையும் வயிற்றுப்போக்கையும் உண்டாக்கும். வேகாத நான்கைந்து விதைகளே போதும். ஊறவைத்த நீரைக் கொட்டிவிட்டு, புது நீரில் குறைந்தது 10 நிமிடம் தளதளவென்று கொதிக்க வேண்டும். அதன் பிறகே மெதுவாக வேகவிடலாம். 80° செல்சியசில் மணிக்கணக்காக வைத்திருந்தாலும் அந்தப் புரதம் முழுதும் அழியாது. முற்றிக் காய்ந்த மொச்சையிலோ, நசுங்கும்போது ஹைட்ரோசயனிக் அமிலத்தை வெளிவிடும் சேர்மங்கள் உண்டு. அந்த அமிலம் சுமார் 26° செல்சியசிலேயே ஆவியாகிவிடும். எனவே மொச்சையை மூடாமல் வேகவைத்து, வெந்த நீரை வடித்துவிடுவதே நல்லது.

மூடாமல் வேகவைப்பதில் இன்னொரு லாபமும் உண்டு. பச்சையத்தின் நடுவில் ஒரு மக்னீசியம் அணு இருக்கிறது. சூட்டில் அமிலம் பட்டால் அது கழன்றுவிடும். பச்சை நிறம் பாசிபோல் மங்கும். பாத்திரம் திறந்திருந்தால் பயற்றிலிருந்து வரும் அமில ஆவி வெளியே போய்விடும்.

பச்சை மொச்சைப் பருப்பு இருபது நிமிடத்துக்குள் பெரும்பாலும் வெந்துவிடும். ஆனால் கடிகாரத்தை நம்பாமல் விரலால் நசுக்கிப் பார்த்தே இறக்குங்கள். இதற்குள் மூன்று மேசைக்கரண்டி வெள்ளை எள்ளை வறுத்து, எண்ணெய் கசியும் வரை அரைத்து வையுங்கள். எள்ளில் ஏறக்குறைய பாதி எண்ணெய்தான். இந்த விழுதில் ஒரு கரண்டி தண்ணீர் விட்டால் என்ன ஆகும்? இளகும் என்று எதிர்பார்ப்பீர்கள், மாறாக இறுகிவிடும்! எண்ணெயில் மிதந்த எள் துகள்கள் சிறிதளவு நீரைப் பகிர்ந்துகொண்டு ஒன்றோடொன்று ஒட்டிக்கொள்வதே காரணம். பயப்படாமல் மேலும் நீர் விட்டுக் கலக்குங்கள். எண்ணெய் சிறு துளிகளாக உடைந்து நீருக்குள் பரவ, விழுது வெளுத்து இளகும். இதுதான் பால்மம்.

பருப்பு சூடாக இருக்கும்போதே இரண்டு பல் பூண்டு, ஒரு பச்சை மிளகாய், உப்பு சேர்த்து அரையுங்கள். பிறகு எள் விழுது. கடைசியில் ஒரு கைப்பிடி கொத்தமல்லியும் சிறிது புதினாவும். எலுமிச்சைச் சாறு சாப்பிடும் நேரத்தில் போதும். நிறத்துக்கு அது பகை.

இப்போது ஒரு கரண்டி மசியலைத் தட்டில் வையுங்கள். தண்ணீர் என்றால் ஓடிவிடும். மசியல் ஓடவில்லை, ஆனால் தோசையால் வழித்தால் நழுவி வருகிறது. இது திண்மமா, திரவமா? குறிப்பிட்ட ஓர் எல்லைத் தகைவைத் தாண்டினால் மட்டுமே பாயும் பொருள் இது. பற்பசையும் ஈரச் சேறும் இந்த இனமே. இத்தகைய பொருள்களை ஆராய்ந்த அமெரிக்க வேதியியலர் யூஜீன் பிங்காமின் பெயரால் இவற்றைப் பிங்காம் பொருள்கள் என்கிறோம்.

அந்த எல்லையை அளப்பதும் எளிது. இருபுறமும் திறந்த ஒரு குழாய்த் துண்டைத் தட்டில் நிறுத்தி, உட்புறம் எண்ணெய் தடவி, மசியலை 1 செ.மீ. உயரத்துக்கு நிரப்பிக் குழாயை மெல்ல மேலே எடுங்கள். சரியாமல் நின்றால் அடுத்து 1.5 செ.மீ., 2 செ.மீ. என்று உயர்த்துங்கள். 2 செ.மீ.யில் அடிப்பாகம் பிதுங்கத் தொடங்குகிறது என்க. மசியலின் அடர்த்தியை 1000 கி.கி./மீ³ என்று கொண்டால் அடியில் அழுத்தம் 1000 × 9.8 × 0.02 = 196 பாஸ்கல். பக்கவாட்டில் நழுவச் செய்யும் தகைவு இதில் பாதி, அதாவது சுமார் 100 பாஸ்கல். கட்டட வேலையில் கான்கிரீட் கலவையை 30 செ.மீ. உயரமுள்ள கூம்பில் நிரப்பி, கூம்பை எடுத்ததும் கலவை எவ்வளவு அமுங்குகிறது என்று பார்க்கிறார்களே, அதுவும் இதே உறவுக்காரச் சோதனைதான்.

மீந்த மசியலைக் குளிர்பெட்டியில் வைத்து மறுநாள் மீண்டும் அளந்து பாருங்கள். அதே மசியல் 3 செ.மீ. உயரத்துக்கும் அசையாமல் நிற்கக்கூடும். கூழான மாவுப்பொருள் குளிரில் மறுபடி ஒழுங்காக அடுக்கிக்கொண்டு இறுகுகிறது. ஆறிய களி கட்டியாவதும் இதனால்தான். ஒரு கரண்டி வெந்நீர் விட்டுக் குழைத்து, மூன்றாம் முறையும் அளந்து பட்டியலில் எழுதிவிட்டுச் சாப்பிடுங்கள்.